வில் வண்டி முதல் ஹெரால்டு வரை: பின்பக்கம் உட்கார்ந்த வண்டிகளின் கதை

ஸ்பிரிங் என்ற வார்த்தை நம்ம ஊருக்கு வர்றதுக்கு முன்னாடியே தமிழ்ல அதுக்கு ஒரு நல்ல வார்த்தை இருந்தது. வில். இரும்புப் பட்டைகளை அடுக்கி, வளைத்து, அச்சுக்கும் வண்டிக் கூட்டுக்கும் நடுவில் வைத்துக் கட்டிய மாட்டு வண்டிக்கு 'வில் வண்டி'ன்னு பேர் வெச்சாங்க. அது இல்லாததெல்லாம் கட்டை வண்டி. பார வண்டிக்கு வில் எதுக்கு, நெல் மூட்டைக்கு இடுப்பு வலிக்குமா என்ன?

மேட்டருக்குப் போறதுக்கு முன்னாடி ஒரு எச்சரிக்கை. இது கொஞ்சம் பழைய இரும்பு வாசனை அடிக்கிற பதிவு. கார் பிடிக்காதவங்க நடுவுல வர்ற வரலாற்றை மட்டும் படிச்சிட்டு எஸ்கேப் ஆகலாம், கோவிச்சுக்க மாட்டேன்.

பட்டைகளை அடுக்கின இந்த ஸ்பிரிங் பழைய சங்கதி. லண்டன்ல ஒபதியா எலியட்னு ஒருத்தர் 1804-05 வாக்கில், ரெண்டு வில்லை எதிரெதிரா வெச்சு நீள்வட்டமாக்கி, குதிரை வண்டிக்குப் பொருத்திக் காப்புரிமை வாங்கினார். அது வர்றதுக்கு முன்னாடி வண்டிக்குக் கீழே முதுகெலும்பு மாதிரி கனமா ஒரு உத்தரம் ஓடும். இந்த ஸ்பிரிங் வந்ததும் அது தேவையில்லாமப் போச்சு, வண்டியும் லேசாச்சு. அந்தச் சரக்கு கப்பலேறி இங்க வந்து ஜட்காவுக்கும் மாட்டு வண்டிக்கும் கீழே உட்கார்ந்தது.

உட்கார்ந்ததும் என்ன ஆச்சு? வில் இருக்கிற வண்டி பெரிய மனுஷன் வண்டி ஆயிடுச்சு. மிராசுதார், மணியக்காரர், கல்யாணப் பொண்ணு மாப்பிள்ளை. மத்தவங்க நடந்தாங்க. சிலரை நடக்கவும் விடலை. திருவிதாங்கூர்ல புலையர்கள் பொதுச் சாலையில நடக்கவே கூடாதுன்னு இருந்த காலத்துல, 1893-ல, வெங்கானூர்க்காரரான அய்யன்காளி என்ன பண்ணார் தெரியுமா? ஒரு வில்லு வண்டியை வாங்கி, ரெண்டு வெள்ளைக் காளைகளைப் பூட்டி, நல்லா உடுத்திக்கிட்டு அதே சாலையில ஓட்டிக்கிட்டுப் போனார். நடந்து போயிருந்தாலே தடையை மீறினதுதான். ஆனா அவர் தேர்ந்தெடுத்தது வில் வெச்ச வண்டியை. குலுங்காம உட்கார்ந்து போற உரிமை எனக்கும் உண்டுன்னு சொன்ன மாதிரிதான் எனக்குத் தோணுது. வில்லு வண்டி யாத்திரைன்னே அதுக்குப் பேர். சஸ்பென்ஷன் பத்தி எழுதுற எந்தப் புத்தகத்துலயும் இதைச் சேர்க்க மாட்டாங்க. நான் சேர்ப்பேன்.

நிற்க. இப்ப காருக்கு வருவோம்.

நம்ம நாட்டுல ரொம்ப நாளைக்குக் கார்னா மூணே மூணு: அம்பாசடர், ஃபியட், ஸ்டாண்டர்டு. முதலாவது கல்கத்தா பக்கம் உத்தர்பாராவில், மோரிஸ் ஆக்ஸ்ஃபோர்டு மூணாம் வரிசையை வெச்சு 1950களின் கடைசியில் ஆரம்பிச்சு 2014 மே மாதம் வரைக்கும் ஓடின வண்டி. ரெண்டாவது பம்பாய். மூணாவது நம்ம சென்னை. பெருங்களத்தூர் - வண்டலூர் பக்கம் இருந்த ஸ்டாண்டர்டு மோட்டார் ப்ராடக்ட்ஸ் ஆஃப் இந்தியா 1948-ல தொடங்கின கம்பெனி. வேன்கார்டு, எய்ட், டென் எல்லாம் ஓட்டிட்டு, 1961-ல ஸ்டாண்டர்டு ஹெரால்டைக் கொண்டு வந்தாங்க. தமிழ்நாட்டுல செஞ்ச கார்னா அப்போ அதுதான்.

ஹெரால்டு பார்க்க அவ்வளவு அழகு. இங்கிலாந்து டிரையம்ஃப் கம்பெனிக்கு இத்தாலிக்காரர் மிக்கெலோட்டி வரைஞ்ச வடிவம், 1959-ல வெளிவந்தது. 948 சிசி இஞ்சின். 25 அடிக்குள்ள திரும்பிடும், நம்ம ஊர்ச் சன்னதித் தெருவுல ஒரே ஒடியில் யு டர்ன் போடலாம். அங்க பாடி செஞ்சு தர்ற கம்பெனியை போட்டிக்காரன் வாங்கிட்டதால, தனி சேசிஸ் மேல பாடியைத் துண்டு துண்டா போல்ட் போட்டு மாட்டுற மாதிரி வடிவமைச்சாங்க. இது இந்தியா மாதிரி பெட்டியில வாங்கிக் கோர்க்கிற நாடுகளுக்கு ரொம்ப வசதி.

வில்லங்கம் பின்பக்கம்.

அம்பாசடர்ல சக்கரத்துக்கு ஒண்ணா நீளவாக்குல ரெண்டு பட்டை ஸ்பிரிங், நடுவுல ஒரே துண்டா முரட்டு ஆக்ஸில். வில் வண்டிக்குப் பெரிய அண்ணன், அவ்வளவுதான். ஹெரால்டுல ஒரே ஒரு ஸ்பிரிங், அதுவும் குறுக்குவாக்குல. நடு வயிறு டிஃபரன்ஷியல் மேல இறுக்கி இருக்கும், ரெண்டு முனையும் ரெண்டு சக்கரத்தைப் பிடிச்சிருக்கும். ஒவ்வொரு சக்கரமும் பறவை இறக்கை மாதிரி தனித்தனியா மேல கீழ போகும். ஸ்விங் ஆக்ஸில்னு பேர். குறுக்கு ஸ்பிரிங் புதுசு இல்ல, 1908-ல வந்த ஃபோர்டு மாடல் டி-யில முன்னும் பின்னும் அதுதான். ஆனா அங்க ஆக்ஸில் ஒரே துண்டு, சக்கரம் சாயாது. இங்க சாயும்.

இதுல ரெண்டு கஷ்டம். ஆளில்லாம வேகமா வளைவுல போய் சட்டுனு ஆக்ஸிலேட்டரை விட்டீங்கன்னா, பின்பக்கம் எழும்பி, வெளிப்பக்கச் சக்கரம் வண்டிக்கு அடியில மடங்கப் பார்க்கும். அமெரிக்காவுல கார்வேர் காருக்கு இதே ஸ்விங் ஆக்ஸில்தான். ரால்ஃப் நாடர் 1965-ல எழுதின புத்தகத்தோட முதல் அத்தியாயமே அதைப் பத்தினதுதான். டிரையம்ஃப் ஆட்களும் பிற்பாடு, 1970-ல வந்த ஸ்பிட்ஃபயர்ல, ஒரே ஒரு பட்டையை மட்டும் இறுக்கிப் பிடிச்சு மத்ததை ஆட விட்டு இதைச் சரி பண்ணினாங்க.

நம்ம ஊர்ல நடந்தது ரெண்டாவது கஷ்டம். இங்க யாருங்க ஆளில்லாம வேகமா போறது? எங்க விருத்தாசலத்தையே எடுத்துக்குங்க. தென்னார்க்காடு மாவட்டம் (1993-க்கு அப்புறம் கடலூர் மாவட்டம்), சுத்திலும் முந்திரிக்காடு, பக்கத்துல பண்ருட்டி பலா, நெய்வேலிக் களிமண், ஊருக்குள்ள பீங்கான் தொழிற்பேட்டை. காருன்னா நாலு பேர் போற வண்டின்னு யாரும் நினைச்சதில்ல. பின் சீட்டுல அஞ்சு பேர், மடியில ரெண்டு, டிக்கியில பலாப்பழம். இந்தச் சுமையில ஹெரால்டோட ஒத்தை ஸ்பிரிங் கீழ இறங்கும். இறங்கினா பின்சக்கரம் ரெண்டும் மேல்பக்கம் உள்ளே சாய்ஞ்சு, அடிப்பக்கம் விரியும். பாரம் தாங்காம காலை அகட்டி நிக்கிற கழுதை மாதிரி. டயரோட உள்விளிம்பு மட்டும் தேய்ஞ்சு மொட்டையாகும். வருஷக்கணக்கா இப்படியே ஓடினா எஃகு களைச்சுப் போய், சுமையை இறக்கினாலும் அகட்டின கால் சேராது.

இதைக் கண்டுபிடிக்கிறதுல ஒரு சூட்சுமம் இருக்கு. ஹெரால்டை ஜாக்கி போட்டுத் தூக்கி இறக்கின உடனே பார்க்கக் கூடாது. அப்போ சக்கரம் உள்ளே மடங்கினபடியே நிக்கும், ஸ்பிரிங் புதுசு மாதிரி ஏமாத்தும். நாலடி முன்னும் பின்னும் உருட்டி நிதானத்துக்கு வந்த பிறகுதான் பார்க்கணும். இது தெரியாத மெக்கானிக் கையில மாட்டின வண்டி பாவம்.

இந்திய வாடிக்கையாளர்களுக்கும் சரி, மெக்கானிக்குகளுக்கும் சரி, ஸ்விங் ஆக்ஸில் ஒத்துவரலை. வேற நாட்டுல இல்லாத நாலு கதவு ஹெரால்டைக்கூட நம்ம ஆளுங்க செஞ்சு பார்த்தாங்க. நாலு கதவு வெச்சா இன்னும் ரெண்டு பேர் ஏறுவாங்க, அவ்வளவுதானே! கடைசியில 1970களின் தொடக்கத்துல ஹெரால்டை நிறுத்திட்டு கெஸல்னு ஒரு வண்டி விட்டாங்க. அதே இஞ்சின், அதே வம்சம். ஆனா பின்னாடி ஸ்விங் ஆக்ஸிலைத் தூக்கிட்டு ஒரே துண்டு ஆக்ஸில். உலகமே தனித்தனிச் சக்கரம்தான் நவீனம்னு போய்க்கிட்டு இருந்தப்ப, சென்னை கம்பெனி எதிர்த்திசையில போச்சு. இதைப் பின்னடைவுன்னு எழுதுறவங்க உண்டு. எனக்கு அப்படித் தோணலை. ரோட்டையும் சுமையையும் பட்டறையையும் பார்த்துட்டு எடுத்த முடிவு அது. என்ன, பத்து வருஷம் லேட்டு. கெஸலும் ரொம்ப நாள் நிக்கலை. 1985-ல ரோவர் உடம்புல வேன்கார்டு காலத்து இஞ்சினை வெச்சு ஸ்டாண்டர்டு 2000-ன்னு ஒண்ணு விட்டாங்க, அதுவும் ஓடலை. அந்தப் பத்தாண்டு முடியறதுக்குள்ள கம்பெனியே படுத்திருச்சு.

அம்பாசடர் ஜெயிச்சதுக்கு ஆயிரம் காரணம் சொல்லுவாங்க. அரசாங்க ஆதரவு, வேற வண்டி இல்லாதது, எல்லாம் சரி. பின்னாடி இருந்த அந்தப் பட்டையையும் கணக்குல சேர்க்கணும். காரணம், அதை ரிப்பேர் பண்ண கம்பெனி தேவையில்ல. மாட்டு வண்டிக்குப் பட்டா கட்டினவர் போதும்.

எங்க சித்தப்பா ஒரு அம்பாசடர் வெச்சு கல்யாண வாடகைக்கு ஓட்டிக்கிட்டு இருந்தார். கொளஞ்சியப்பர் கோயில் கல்யாணம்னா அவர் வண்டி நிச்சயம் இருக்கும். ஒரு சமயம் பின்பக்கம் தட்ட ஆரம்பிச்சது. சின்னப் பள்ளத்துல இறங்கினாலே 'டொம்'னு சத்தம். ராத்திரியில எதிர்ல வர்ற லாரிக்காரங்க எல்லாம் திட்டினாங்க, ஹெட்லைட் கண்ணுல அடிக்குதுன்னு. ஒரு மெக்கானிக் ஷாக் அப்சார்பர் போச்சுன்னு சொல்லி ரெண்டையும் மாத்தினார். காசு போச்சு, சத்தம் போகலை.

ஊர்ல ஸ்பிரிங் பட்டறை வெச்சிருந்த பெரியவர்கிட்ட அப்புறம்தான் வண்டி போச்சு. அவர் கீழே படுக்கவே இல்ல. சமதரையில நிறுத்தச் சொன்னார். ஒரு நூலை எடுத்து சக்கர நடுவுல இருந்து மட்கார்டு விளிம்பு வரைக்கும் அளந்து முடிச்சு போட்டார், அந்தப் பக்கமும் அளந்தார். இடது பக்கம் ரெண்டு விரக்கடை குறைச்சல். "தம்பி, ஷாக்கு குதிக்கிறதை நிறுத்தும். வண்டியைத் தூக்கிப் பிடிக்கிறது பட்டைதான். உங்க வண்டி குதிக்கல, உட்கார்ந்துடுச்சு"ன்னார். நாலு வரியில இதைவிடத் தெளிவா எந்த மேனுவலும் சொன்னதில்ல. லைட் ஏன் எதிராளி கண்ணுல அடிச்சதுன்னும் அப்பதான் புரிஞ்சது. பின்பக்கம் தாழ்ந்தா மூஞ்சி தூக்கும்ல.

கழட்டிப் பார்த்தா இன்னும் பகீர்னு இருந்தது. மெயின் பட்டையில, சென்டர் போல்ட் ஓட்டைக்குப் பக்கத்துல, மயிரிழை மாதிரி விரிசல். துருவும் சேறும் மூடியிருந்ததால வெளியே தெரியலை. அந்தப் பட்டையோட முனையிலதான் சுருட்டி, கண் வெச்சு, வண்டியோட பிடிச்சிருக்கும். அது முழுசா முறிஞ்சா ஆக்ஸில் ஒரு பக்கம் நகர்ந்துடும். முதல் நாள் அந்த வண்டியில பொண்ணு வீட்டார் எட்டு பேர் சேலம் ரோட்டுல போய் வந்திருந்தாங்க. சித்தப்பா ரொம்ப நேரம் ஒண்ணும் பேசலை.

பெரியவர் வேலை செஞ்ச முறையை இன்னும் மறக்கலை. முன்சக்கரத்துக்குக் கட்டை கொடுத்து, பின்பக்கத்தைத் தூக்கி, சேசிஸுக்கு அடியில முட்டு. ஜாக்கியை நம்பி யாரையும் அடியில போக விடலை. ஆக்ஸிலுக்குத் தனி ஜாக்கி, அதோட எடை ஸ்பிரிங்ல தொங்கக் கூடாது. அப்புறம் யு போல்ட், பின்னாடி ஷேக்கிள், கடைசியா முன் கண்ணு. ஒரு பக்கம் மட்டும்தானே உடைஞ்சதுன்னு சித்தப்பா கேட்டார். "ஒரு காலுக்கு மட்டும் புதுச் செருப்பு போடுவீங்களா?" ரெண்டு பக்கமும் மாத்தினார். வாடகை வண்டிதானே, கூட ஒரு பட்டை சொருகிடுங்கன்னு கேட்டதுக்கும் தலையாட்டலை. கூடப் பட்டை போட்டா சும்மா போறப்ப கட்டை வண்டி மாதிரி தூக்கிப் போடும், அந்த உதறல் மெயின் பட்டைக்குத்தான் கேடு. விரிசல் விடாத பழைய பட்டைகளைச் சிலர் அப்படியே சுத்தியலால தட்டி வளைவு ஏத்தித் தருவாங்க. பார்க்க எழும்பி நிக்கும், கொஞ்ச நாள்ல மறுபடி உட்கார்ந்துடும். சூடேத்தி வளைச்சு, எண்ணெயில குளிர வெச்சு, திரும்ப அளவாச் சூடு காட்டினாத்தான் வில்லுக்கு வில் குணம் திரும்பும். இந்த ஞானம் கார் கம்பெனி கொடுத்தது இல்ல, உலைக்களத்துல இருந்து வந்தது.

கண்ணுல இருக்கிற புஷ் போல்ட்டை அந்தரத்துல இறுக்காம, வண்டியைத் தரையில இறக்கி, எடை உட்கார்ந்த பிறகுதான் இறுக்கினார். அந்தரத்துல இறுக்கினா ரப்பர் முறுக்கிக்கிட்டே இருந்து சீக்கிரம் கிழியுமாம். சில நூறு கிலோமீட்டர் ஓட்டிட்டு வந்து யு போல்ட்டை மறுபடி இறுக்கிட்டுப் போகணும்னும் சொல்லி அனுப்பினார், அதுக்குக் காசு வாங்கலை.

முதல் மாருதி 800-லயும் பின்னாடி பட்டைதான், 1986-ல வந்த அடுத்த வடிவத்துல சுருள் ஸ்பிரிங் ஆச்சு. ஆம்னி வேன் மட்டும் 2019-ல நிறுத்துற வரைக்கும் பட்டையோடவே ஓடிச்சு. சுருள் ஸ்பிரிங் உட்கார்ந்தா தட்டி நிமிர்த்த யாரும் இல்ல, புதுசு வாங்கி மாட்டணும், அவ்வளவுதான். பெரியவரோட பட்டறை இருந்த இடத்துல இப்ப செல்போன் கடை. சுத்து வட்டாரத்துல லாரிக்கும் டிராக்டர் டிரெய்லருக்கும் பட்டை கட்டுற ஆட்கள் மிச்சம் இருக்காங்க. அவங்க வேலை பார்க்கிறப்ப போய் நின்னு பாருங்க, சுவாரசியமான ஆட்கள்.

மக்களே, உங்க வீட்டுல யாராவது ஹெரால்டு வெச்சிருந்தாங்களா? பழைய ஆல்பத்துல பின்பக்கம் தெரியுற மாதிரி போட்டோ இருந்தா எடுத்து சக்கரத்தைப் பாருங்க. கால் நேரா நிக்குதா, அகட்டி நிக்குதான்னு சொல்லுங்க. வண்டியில அன்னைக்கு எத்தனை பேர் ஏறினாங்கன்னு நான் சொல்லிடறேன்.