பிளேகன், கார்ல் வில்லியம் (1887–1971)

கிரேக்கத்தின் வெண்கலக் கால வரலாற்றை அகழாய்வுகளால் துலக்கிய அமெரிக்கத் தொல்லியலறிஞர். மினியாபொலிஸ் நகரில் பிறந்தவர். 1927 முதல் 1957 வரை சின்சினாட்டி பல்கலைக்கழகப் பேராசிரியர்.

மட்கலப் பகுப்பு: கிரீட் தீவில் நொசோஸ் அரண்மனையை அகழ்ந்த ஆர்தர் எவன்ஸ், கிரேக்கப் பெருநிலத்து மைசீனிய நாகரிகம் கிரீட்டின் மினோவர்கள் ஆதிக்கத்தில் உருவானதே என்றார். கொரிந்து அருகே கொராக்கூ மேட்டை 1915-16இல் தோண்டிய பிளேகன், அங்கே அடுக்கடுக்காகக் கிடைத்த பானையோடுகளில் பெருநிலத்துக்கே உரிய தொடர்ச்சியைக் கண்டார். அவரும் ஆங்கிலேயரான ஆலன் வேசும் 1918இல் அந்த மட்கலங்களை முன், இடை, பின் ஹெல்லாடிக் என மூன்று காலங்களாகப் பகுத்தனர். இப்பகுப்பு இன்றும் வழக்கில் உள்ளது.

டிராய்: 1932 முதல் 1938 வரை டிராய் மேட்டை மறு ஆய்வு செய்தார். அங்கு ஒன்றன்மேல் ஒன்றாக அமைந்த குடியிருப்புகளில் ஆறாம் நகரம் நிலநடுக்கத்தாலும், அதன்மேல் எழுந்த ஏழு-அ குடியிருப்பு போர்த் தீயாலும் அழிந்தன எனக் கருதினார். பின்னதே ஹோமர் பாடிய டிராய் என்றார். இம்முடிவைப் பிற்கால அறிஞர் பலர் ஏற்பதில்லை.

பைலோஸ்: கிரேக்க அறிஞர் கொன்ஸ்டான்டினோஸ் கூரூனியோட்டிசுடன் இணைந்து, 1939 ஏப்ரல் 4 அன்று மெசீனியப் பகுதியின் ஆனோ எங்லியானோஸ் குன்றில் அகழாய்வைத் தொடங்கினார். முதல் குழியே அரண்மனையின் ஆவண அறையில் இறங்கியது. லீனியர் பி எழுத்துப் பொறித்த களிமண் பலகைகள் சுமார் 600 அந்த ஆண்டில் கிடைத்தன. கி.மு. 1200ஐ ஒட்டி அரண்மனையை எரித்த தீயே சுடாத அப்பலகைகளைச் சுட்டுப் பாதுகாத்திருந்தது. உலகப் போரால் நின்ற பணி 1952இல் மீண்டும் தொடங்கியது.

அவ்வாண்டு ஆங்கிலேயர் மைக்கேல் வென்ட்ரிஸ், அதுவரை படிக்கப்படாதிருந்த லீனியர் பி எழுத்துகளுக்கு ஒலிமதிப்பு அளித்து, அப்பலகைகளின் மொழி கிரேக்கமே என அறிவித்தார்; ஐயுற்றோர் பலர். புதிதாகக் கிடைத்த பலகை ஒன்றை 1953இல் பிளேகன் வென்ட்ரிசின் ஒலிமதிப்புகளைக் கொண்டு படித்தார். முக்காலிக் கொப்பரைப் படத்தருகே 'திரிபோ' என்றும், நான்கு பிடி கொண்ட கலத்தருகே 'நான்கு' எனப் பொருள்படும் சொல்லும் இருந்தன. எழுத்தைப் படமே உறுதிப்படுத்தியதால் எதிர்ப்புத் தளர்ந்தது. ஹோமருக்குப் பல நூற்றாண்டு முன்பே பெருநிலத்து அரண்மனைகளில் கிரேக்க மொழி வழங்கியது தெளிவாயிற்று.

பிற்காலம்: அமெரிக்கத் தொல்லியல் கழகம் 1965இல் தன் முதல் தங்கப் பதக்கத்தை இவருக்கு வழங்கியது. ஏதென்ஸ் நகரில் காலமானார். பைலோஸ் அரண்மனை அருகே 2015இல் சின்சினாட்டிக் குழுவினர் கண்டெடுத்த வீரன் கல்லறையில் கிரீட்டுக் கைவினைப் பொருள்கள் ஏராளமாக இருந்தன. இதனால், மைசீனிய நாகரிகத்தில் கிரீட்டின் பங்கு பற்றி எவன்சுக்கும் பிளேகனுக்கும் இடையே இருந்த கருத்து வேறுபாடு இன்னும் ஆய்வில் உள்ளது.