இறுதிக் காவல்

வரலாறு என்றதும் நம் நினைவில் முதலில் எழுபவர்கள் வென்றவர்களே. கோட்டையைப் பிடித்தவனுடைய பெயர் கல்வெட்டில் நிற்கிறது. அக்கோட்டையின் வாயிலில் இரவெல்லாம் கண்விழித்திருந்தவனுடைய பெயரை எவரும் பொறித்து வைப்பதில்லை. விளையாட்டின் வரலாற்றையும் நாம் ஏறக்குறைய அவ்வாறே எழுதி வருகிறோம். கோல் போட்டவரைத் தோளில் தூக்கிக் கொண்டாடுகிறோம். கோல் விழாமல் காத்தவரை, அவர் காக்கத் தவறிய நாளில்தான் நினைக்கிறோம். இன்று நான் சொல்லப் புகுவது அத்தகைய வாயிற்காவலர் ஒருவரின் வரலாறு. இந்தியப் பெண்கள் ஹாக்கி அணியின் கோல் காப்பாளராக விளங்கிய சவிதா பூனியா என்பவரே அவர்.

நான் வாழும் மந்தாரக்குப்பம், நெய்வேலி நிலக்கரிச் சுரங்கத்தின் அருகில் உள்ள ஊர். இங்கே பழுப்பு நிலக்கரிப் படுகையின் அடியில் நீர் பெரும் அழுத்தத்தோடு தேங்கி நிற்கிறது. அந்நீரை இறைக்காமல் விட்டால் அது சுரங்கத்தின் தரையைப் பிளந்துகொண்டு மேலே எழும். ஆகவே இராட்சத இறைப்பான்கள் இரவும் பகலும் ஓயாமல் இயங்குகின்றன. ஊரைப் பார்க்க வருவோர் மண்ணை வெட்டும் பெரிய இயந்திரத்தைத்தான் வியந்து நோக்குகின்றனர். இறைப்பான்களை உற்றுப் பார்ப்போர் மிகச் சிலர். கோல் காப்பாளரின் பணியும் இத்தகையதே. அது நன்றாக நடக்கும்வரை கண்ணுக்குப் புலப்படுவதில்லை.

அப்பணி எத்துணைக் கடினம் என்பதைச் சிறிது கணக்கிட்டுப் பாருங்கள். பனிக்கட்டியின்மேல் ஆடும் ஹாக்கியில் கோலின் அகலம் 6 அடி, உயரம் 4 அடி. அதாவது 24 சதுர அடி. நம் நாட்டில் தரையில் ஆடும் ஹாக்கியிலோ கோலின் அகலம் 12 அடி, உயரம் 7 அடி. ஆக 84 சதுர அடி. கோலைச் சுற்றி வரைந்துள்ள வட்டத்தின் விளிம்பு ஏறத்தாழ பதினாலரை மீட்டர் தொலைவில் இருக்கிறது. மணிக்கு 100 கிலோமீட்டர் வேகத்தில் அங்கிருந்து புறப்படும் பந்து, கோலை வந்தடைய அரை வினாடியே ஆகும். அந்த அரை வினாடிக்குள் பந்து வரும் திசையை உணர வேண்டும். காலை நீட்டவோ கையை உயர்த்தவோ வேண்டும். கனத்த காலுறைகளும், மார்புக் கவசமும், தலைக்கவசமும் அணிந்துகொண்டே இவ்வளவும் செய்தாக வேண்டும்.

சவிதா 1990-ஆம் ஆண்டு ஹரியானா மாநிலத்தில், சிர்சா மாவட்டத்தைச் சேர்ந்த ஜோத்கான் என்னும் சிற்றூரில் பிறந்தார். பேத்தி ஹாக்கி ஆட வேண்டும் என்று முதலில் விரும்பியவர் அவருடைய பாட்டனார். சிறுமிக்கோ தொடக்கத்தில் அவ்விளையாட்டில் பெரிய நாட்டம் இல்லை. கோல் காப்பதில் அதனினும் குறைவு. அவருடைய உயரத்தைக் கண்ட பயிற்சியாளரே அவரைக் கோல் காக்க நிறுத்தினார். கவசங்கள் நிறைந்த பெரும் பையைச் சுமந்துகொண்டு பேருந்தில் பயிற்சிக்குச் செல்ல வேண்டியிருந்தது. கூட்டம் மிகுந்த பேருந்தில் அப்பைக்கு இடம் கிடைப்பது எளிதன்று. இவ்வாறு விருப்பமின்றித் தொடங்கிய பணியே அவருடைய வாழ்வாயிற்று.

ஆசிரியனாகப் பணியாற்றிய என் உள்ளத்தைத் தொட்ட செய்தி ஒன்று உண்டு. சவிதாவின் பாட்டனார் எழுத்தறியாதவர். பேத்தியைப் பற்றிச் செய்தித்தாளில் வருவதைத் தாமே படிக்க வேண்டும் என்ற ஆவலால், முதுமைப் பருவத்தில் அவர் எழுத்துக் கற்றுக்கொண்டார். இதனைச் சவிதாவே பேட்டிகளில் கூறியிருக்கிறார். ஒரு பெண் ஆடுகளத்தில் இறங்கினாள். அதனால் ஒரு முதியவர் கையில் ஏடு எடுத்தார். பெண்ணுக்கு விளையாட்டு எதற்கு என்று கேட்போருக்கு இதனினும் சிறந்த விடை வேண்டுமோ?

இனி, அவர் சென்று சேர்ந்த அணியின் வரலாற்றையும் சிறிது காண்போம். இந்திய ஆடவர் அணி 1928 முதல் 1956 வரை நடந்த ஆறு ஒலிம்பிக் போட்டிகளிலும் தொடர்ந்து தங்கம் வென்றது. பெண்கள் ஹாக்கியோ 1980-ஆம் ஆண்டு மாஸ்கோவில்தான் முதன்முதலாக ஒலிம்பிக்கில் இடம்பெற்றது. அதில் நம் பெண்கள் நான்காம் இடத்தைப் பெற்றனர். அதன்பின் 36 ஆண்டுகள் அவர்களால் ஒலிம்பிக் களத்தில் கால் வைக்க இயலவில்லை. 2016-ஆம் ஆண்டு ரியோ நகரில்தான் மீண்டும் அவ்வாய்ப்புக் கிட்டியது. அந்த அணியின் கோலைக் காத்தவர் சவிதா.

ரியோவில் நேர்ந்தது என்ன? ஜப்பானோடு ஆடிய ஆட்டம் இரண்டுக்கு இரண்டு என்று சமனாயிற்று. எஞ்சிய நான்கு ஆட்டங்களிலும் தோல்வி. ஆஸ்திரேலியா ஒன்றுக்கு ஆறு என்ற கணக்கில் வென்றது. ஐந்து ஆட்டங்களில் இந்தியக் கோலுக்குள் புகுந்த பந்துகள் 19. நம்மவர் போட்ட கோல்கள் மூன்றே. பன்னிரண்டு அணிகளுள் பன்னிரண்டாம் இடம். முன்னணி ஆட்டக்காரர் தோல்வியை ஏனையோரோடு பகிர்ந்துகொள்ளலாம். கோல் காப்பாளரோ, வலைக்குள் விழுந்த ஒவ்வொரு பந்தையும் தம் முதுகுக்குப் பின்னே காண வேண்டியவர்.

மறு ஆண்டு, 2017 நவம்பரில், ஜப்பானில் ஆசியக் கோப்பைக்கான போட்டி நடந்தது. இறுதி ஆட்டத்தில் இந்தியாவும் சீனாவும் ஆளுக்கொரு கோல் போட்டுச் சமநிலையில் நின்றன. வெற்றியை ‘ஷூட் அவுட்’ என்னும் முறையால் முடிவு செய்ய வேண்டியதாயிற்று. அம்முறை யாதெனில், எதிரணியைச் சேர்ந்த ஒருவர் 23 மீட்டர்க் கோட்டிலிருந்து பந்தைத் தள்ளிக்கொண்டு வருவார். எட்டு வினாடிகளுக்குள் அவர் கோல் போட்டாக வேண்டும். எதிரே நிற்பவர் கோல் காப்பாளர் ஒருவரே. ஏனைய ஆட்டக்காரர் அனைவரும் தொலைவில் நின்று பார்ப்பதன்றி வேறொன்றும் செய்ய இயலாது. அந்தத் தனிமையில் சவிதா உறுதியாக நின்றார். இந்தியா ஐந்துக்கு நான்கு என்று வென்றது. அத்தொடரின் சிறந்த கோல் காப்பாளர் என்ற பரிசும் அவரைச் சேர்ந்தது.

ஆனால் இவ்விடத்தில் ஒன்றை மறைக்கலாகாது. ஆசியாவின் வெற்றிக் கோப்பையோடு நாடு திரும்பிய அந்த 27 வயதுப் பெண்ணுக்கு அப்பொழுது ஓர் ஊழியமில்லை. நாட்டின் கோலைக் காத்தவர் தம் செலவுக்குத் தந்தையின் வருவாயை நம்பியிருந்தார். 2018-இல் அர்ஜுனா விருது அவருக்கு வழங்கப்பெற்றது. புகழ் வந்த பின்னரும் பிழைப்புக்கு வழி தேட வேண்டிய நிலை, விளையாட்டை மேற்கொண்ட நம் பெண்கள் பலருடைய நிலையே ஆகும்.

டோக்கியோ ஒலிம்பிக் 2021-ஆம் ஆண்டு நடைபெற்றது. இந்தியப் பெண்கள் முதல் மூன்று ஆட்டங்களிலும் தோற்றனர். நெதர்லாந்து மட்டும் ஐந்து கோல்கள் போட்டது. பின்னர் அயர்லாந்தையும் தென்னாப்பிரிக்காவையும் வென்று கால் இறுதியை எட்டினர். அங்கே எதிர்நின்றது ஆஸ்திரேலியா. முதற்சுற்றில் தான் ஆடிய ஐந்து ஆட்டங்களிலும் வென்ற அணி. ரியோவில் ஆறு கோல்கள் போட்ட அதே நாடு. ஆகஸ்டு 2-ஆம் நாள் நடந்த அவ்வாட்டத்தின் 22-ஆம் நிமிடத்தில், குர்ஜித் கௌர் பெனால்டி கார்னர் வாய்ப்பில் ஒரு கோல் போட்டார். அதன்பின் ஏறத்தாழ நாற்பது நிமிடங்கள் அந்த ஒரு கோலைக் காப்பதே இந்தியாவின் வேலையாயிற்று. ஆஸ்திரேலியர் அலையலையாய் வந்தனர். அவர்களுக்கும் பெனால்டி கார்னர்கள் அடுத்தடுத்துக் கிடைத்தன. பெனால்டி கார்னரில் கோல் காப்பாளரோடு நால்வர் மட்டுமே தடுக்க நிற்கலாம் என்பதை அறிவீர்கள். அவற்றுள் ஒன்றேனும் கோலாகவில்லை. ஆறு வாங்கியவர் ஒன்றும் வாங்காமல் நின்றார். இந்தியப் பெண்கள் முதன்முறையாக ஒலிம்பிக் அரை இறுதியை அடைந்தனர்.

அரை இறுதியில் அர்ஜென்டினாவிடமும், வெண்கலத்திற்கான ஆட்டத்தில் பிரிட்டனிடமும் தோற்று, நம்மவர் பதக்கமின்றி நான்காம் இடத்தோடு திரும்பினர். எனினும் உலக ஹாக்கிச் சம்மேளனம் சவிதாவை உலகின் சிறந்த பெண் கோல் காப்பாளராகத் தேர்ந்தெடுத்தது. தொடர்ந்து மூன்று ஆண்டுகள் அச்சிறப்பு அவருக்கே கிடைத்தது.

அவருடைய பெருமையை முழுதும் அறிய, 2022-ஆம் ஆண்டு பர்மிங்காமில் நடந்த காமன்வெல்த் போட்டியையே நான் எடுத்துக்காட்டுவேன். அப்பொழுது அவர் அணித் தலைவரும் ஆவார். அரை இறுதியில் மீண்டும் ஆஸ்திரேலியா, மீண்டும் சமநிலை, மீண்டும் ஷூட் அவுட். ஆஸ்திரேலியாவின் முதல் முயற்சியைச் சவிதா தடுத்துவிட்டார். ஆனால் எட்டு வினாடிக் கடிகாரம் ஓடத் தொடங்கவில்லை என்று கூறி, அம்முயற்சியை மறுபடியும் செய்யுமாறு நடுவர்கள் பணித்தனர். இரண்டாம் முறை பந்து உள்ளே சென்றது. இந்தியா தோற்றது. உலகச் சம்மேளனம் பின்னர் வருத்தம் தெரிவித்தது. வருத்தத்தால் முடிவு மாறுமோ?

இரண்டே நாள் கழித்து, வெண்கலப் பதக்கத்திற்காக நியூசிலாந்தோடு ஆட வேண்டியிருந்தது. வெற்றி கைக்கு எட்டிய கடைசி வினாடிகளில் எதிரணி கோல் போட்டுச் சமன் செய்தது. திரும்பவும் ஷூட் அவுட்! நேற்று முன்தினம் அநீதி இழைக்கப்பட்ட அதே முறையில், அதே தனிமையில், சவிதா மறுபடியும் போய் நின்றார். உள்ளத்தில் பழைய கடிகாரம் ஓடிக்கொண்டிருந்தால் கால் தடுமாறியிருக்கும். தடுமாறவில்லை. இந்தியா இரண்டுக்கு ஒன்று என்று வென்று, 16 ஆண்டுகளுக்குப் பின் அப்போட்டியில் பெண்கள் ஹாக்கிப் பதக்கத்தைப் பெற்றது.

இவ்வரலாறு வெற்றியோடு முடிந்துவிடவில்லை. 2024 ஜனவரியில் ராஞ்சியில் நடந்த தகுதிச் சுற்றில், சவிதாவின் தலைமையில் ஆடிய அணி ஜெர்மனியிடம் ஷூட் அவுட்டிலும், ஜப்பானிடம் ஒரு கோலிலும் தோற்றுப் பாரிஸ் ஒலிம்பிக் வாய்ப்பை இழந்தது. அதன் பின்னரும் அவர் கவசத்தைக் கழற்றி வைத்துவிடவில்லை.

ஆகவே, மாணவ மாணவியரே, ஒரு கோல் காப்பாளரின் பெருமையை, அவர் தடுத்த பந்துகளை மட்டும் எண்ணி அளந்துவிட முடியாது. உள்ளே சென்ற பந்தை வலையிலிருந்து எடுத்து எறிந்துவிட்டு, அடுத்த பந்தை முதற்பந்தைப் போலவே எதிர்நோக்கும் மனமே அப்பணியின் உயிர். அம்மனம் பிறவியில் வருவதன்று, பயிற்சியால் வருவது. ரியோவின் 19 கோல்கள் இல்லையேல் டோக்கியோவின் அந்த நாற்பது நிமிடங்களும் இல்லை.

பள்ளி ஆடுகளங்களில் நான் பலகாலம் கண்ட வழக்கம் ஒன்று உண்டு. ஓடத் தெரியாதவன், அடிக்கத் தெரியாதவன் எவனோ அவனைப் பிடித்துக் கோலில் நிறுத்திவிடுவார்கள். கோல் விழுந்தால் அவனையே ஏசுவார்கள். இனி உங்கள் பள்ளியிலோ கல்லூரியிலோ ஆட்டம் நடக்கும்பொழுது, கோலின் முன்னே தனியே நிற்கும் அந்தப் பிள்ளையையும் சற்று நேரம் உற்றுப் பாருங்கள். பந்து உள்ளே சென்றுவிட்டால், முதலில் ஓடிச்சென்று அவருடைய தோளில் கை வையுங்கள். அடுத்த பந்தும் அவரை நோக்கித்தான் வரவிருக்கிறது.