டில்லியில் பிறந்த ஆசியக் கால்பந்து

1951 மார்ச்சில் ஆறு நாட்டு அணிகள் கால்பந்து ஆட டில்லிக்கு வந்து சேர்ந்தபோது ஆசியக் கால்பந்துக் கூட்டமைப்பு என்று எதுவும் கிடையாது. ஆசியக் கோப்பையும் கிடையாது. யார் பலசாலி, யார் பலவீனர் என்று சொல்லத் தரவரிசைப் பட்டியலும் இல்லை. ஆட வேண்டும் என்ற ஆசை மட்டும் இருந்தது. இன்று ஆசிய விளையாட்டுப் போட்டியின் ஆண்கள் கால்பந்து என்று நாம் பார்ப்பது அந்த ஆசையிலிருந்து பிறந்தது. அமைப்பு வந்து ஆட்டத்தை உண்டாக்கவில்லை. ஆட்டம்தான் அமைப்பை உண்டாக்கியது.

இதற்கு ஒரு முன்கதை உண்டு. 1913ல், அமெரிக்க ஆட்சியின் கீழ் இருந்த பிலிப்பைன்ஸின் தலைநகர் மணிலாவில், ஒய்.எம்.சி.ஏ.வைச் சேர்ந்த எல்வுட் பிரவுன் முன்னின்று தூரகிழக்கு நாடுகளுக்கான விளையாட்டுப் போட்டியைத் தொடங்கினார். அதில் கால்பந்தும் இருந்தது. முதல் முறை சீனாவை 2–1 என்று பிலிப்பைன்ஸ் வென்றது. அதன்பின் ஹாங்காங்கின் சௌத் சைனா கிளப் வீரர்களை நம்பி வந்த சீன அணியின் கொடிதான் பறந்தது. 1917ல் டோக்கியோவில் முதன்முதலாகக் களமிறங்கிய ஜப்பான், சீனாவிடம் 0–5 என்றும் பிலிப்பைன்ஸிடம் 2–15 என்றும் தோற்றது. சொந்த ஊரில் அப்படி அடி வாங்கிய ஜப்பான் நான்கே ஆண்டுகளில் தனக்கென ஒரு கால்பந்துச் சங்கத்தை அமைத்துக்கொண்டது. மஞ்சூரியாவில் ஜப்பான் நிறுவிய பொம்மை அரசைச் சேர்ப்பதா வேண்டாமா என்ற சண்டையில் 1934ஓடு அந்தப் போட்டியே முடிந்துபோனது.

அதே 1934ல் டில்லியில் இன்னொரு முயற்சி நடந்தது. லாகூர் அரசுக் கல்லூரிப் பேராசிரியர் குரு தத் சோந்தி, மேற்காசிய விளையாட்டுப் போட்டி என்ற பெயரில் இந்தியா, ஆப்கானிஸ்தான், இலங்கை, பாலஸ்தீனம் ஆகிய நான்கு நாடுகளை ஒன்றுசேர்த்தார். டில்லியின் இர்வின் அரங்கத்தில் அது நடந்தது. அடுத்த போட்டி நடக்கவில்லை. உலகப் போர் வந்து எல்லாவற்றையும் வாரிக்கொண்டு போனது.

சோந்தி மட்டும் விடவில்லை. 1947ல் டில்லியில் நேரு கூட்டிய ஆசிய உறவுகள் மாநாடு அவருடைய பழைய கனவுக்கு உயிர் கொடுத்தது. மறு ஆண்டு லண்டன் ஒலிம்பிக்குக்கு வந்திருந்த ஆசிய நாட்டுப் பிரதிநிதிகளை அங்கேயே பிடித்து உட்காரவைத்துப் பேசினார். 1949 பிப்ரவரியில் டில்லி பாட்டியாலா மாளிகையில் ஆசிய விளையாட்டுச் சம்மேளனம் உருவானது. இந்தியா, பாகிஸ்தான், பர்மா, ஆப்கானிஸ்தான், பிலிப்பைன்ஸ் ஆகிய ஐந்தும் நிறுவன உறுப்பினர்கள். பாட்டியாலா மகாராஜா யாதவீந்திர சிங் முதல் தலைவர். 1950ல் நடக்கவேண்டிய போட்டி ஏற்பாடுகள் முடியாமல் ஓர் ஆண்டு தள்ளிப்போனது. 1951 மார்ச் 4 அன்று, புதிதாக்கப்பட்ட பழைய இர்வின் அரங்கத்தில், 11 நாடுகளின் வீரர்கள் அணிவகுத்தார்கள்.

கால்பந்துக்கு வந்தவை ஆறு அணிகள்: இந்தியா, ஈரான், ஜப்பான், பர்மா, இந்தோனேசியா, ஆப்கானிஸ்தான். அந்த ஆறு பெயர்களுக்குப் பின்னால் இருந்த வரலாற்றை நினைத்தால் நெஞ்சு நிறைகிறது. 1938 உலகக் கோப்பையில் ஆடிய முதல் ஆசிய அணி இந்தோனேசிய மண்ணுடையதுதான். ஆனால் அன்று அதன் பெயர் டச்சுக் கிழக்கிந்தியா. இப்போது சொந்தப் பெயரோடும் சொந்தக் கொடியோடும் வந்திருந்தது. பர்மா விடுதலை பெற்று மூன்று ஆண்டுகளே ஆகியிருந்தன. ஆப்கானிஸ்தான் லண்டன் ஒலிம்பிக்கில் லக்ஸம்பர்க்கிடம் ஆறு கோல் வாங்கித் திரும்பிய அணி. போரில் தோற்ற நாடு என்பதால் அந்த ஒலிம்பிக்குக்கே ஜப்பானுக்கு அழைப்பு இல்லை, டில்லி அழைத்தது. ஜப்பானின் தேசிய அணி போருக்குப் பிறகு ஆடிய முதல் பன்னாட்டு ஆட்டம் இந்த அரங்கத்தில்தான் நடந்தது.

இந்தியாவுக்கும் ஒரு கணக்குப் பாக்கி இருந்தது. 1948ல் லண்டன் புறநகரான இல்ஃபோர்டில், பெரும்பாலும் வெறுங்காலோடு ஆடிய இந்திய அணி பிரான்ஸிடம் 1–2 என்று தோற்றது. கிடைத்த இரண்டு பெனால்டிகளையும் கோலாக்க முடியவில்லை. சாரங்கபாணி ராமன் அடித்த ஒரே கோல்தான் சுதந்திர இந்தியாவின் முதல் ஒலிம்பிக் கால்பந்து கோல். 1950ல் பிரேசில் உலகக் கோப்பைக்கு இடம் கிடைத்தும் இந்தியா போகவில்லை. எனவே டில்லியில் சைலேன் மன்னா தலைமையில் இறங்கிய அணி, தான் யார் என்று காட்ட வேண்டியிருந்தது.

பயிற்சியாளர் சையத் அப்துல் ரஹீம், ஹைதராபாத்தில் பள்ளி ஆசிரியராக இருந்தவர். ‘ரஹீம் சாப்’ என்றால் இந்தியக் கால்பந்தில் எல்லாருக்கும் தெரியும். ஹைதராபாத்திலிருந்து அஜீஸுத்தீனும் நூர் முகமதும் வந்தார்கள். கல்கத்தாவின் ஈஸ்ட் பெங்கால் கிளப்பில் ‘பஞ்ச பாண்டவர்’ என்று ரசிகர்கள் கொண்டாடிய ஐந்து முன்வரிசை வீரர்களும் தெற்கத்திக்காரர்கள். அவர்களில் வெங்கடேஷ், அகமது கான், சாலே மூவரும் இந்த அணியில் இருந்தார்கள். முன்னணியில் நின்றவர் மேவாலால். பிகாரில் பிறந்து கல்கத்தாவில் வளர்ந்தவர். அந்தரத்தில் மல்லாந்து பந்தை உதைக்கும் பைசைக்கிள் கிக்குக்குப் பேர்போனவர்.

இந்தியா முதலில் இந்தோனேசியாவை 3–0 என்றும், அரையிறுதியில் ஆப்கானிஸ்தானை அதே கணக்கிலும் வென்றது. மறுபக்கம் கதை அவ்வளவு சுலபமாக இல்லை. பர்மாவை 2–0 என்று வென்று வந்த ஈரானும், நேராக அரையிறுதியில் இறங்கிய ஜப்பானும் கோலே இல்லாமல் முட்டிக்கொண்டு நின்றன. பெனால்டி ஷூட்அவுட் என்ற ஏற்பாடு அன்றைக்கு இல்லை. டிரா என்றால் இன்னொரு முறை முழுதாக ஆட வேண்டும். அடுத்த நாளே அதே கால்களோடு இரண்டு அணிகளும் மறுபடி இறங்கின. ஈரான் 3–2 என்று தப்பித்தது. ஜப்பான் அதற்கடுத்த நாள் மூன்றாவது ஆட்டமும் ஆடி, ஆப்கானிஸ்தானை 2–0 என்று வென்று வெண்கலம் வாங்கியது. மூன்று நாளில் மூன்று ஆட்டம்!

மார்ச் 10, இறுதி ஆட்டம். குடியரசுத் தலைவர் ராஜேந்திர பிரசாத்தும் பிரதமர் நேருவும் அரங்கத்தில் இருந்தார்கள். ஈரான் எளிதில் வழிவிடவில்லை. மேவாலாலின் ஒரே கோல் முடிவைத் தீர்மானித்தது. அந்தத் தொடரில் அது அவருடைய நான்காவது கோல். சுதந்திர இந்தியாவின் முதல் பெரிய கால்பந்து வெற்றியும், ஆசியக் கால்பந்தின் முதல் தங்கமும் ஒரே மாலையில் வந்தன.

விதை அத்தோடு நிற்கவில்லை. 1954ல் இரண்டாவது ஆசியப் போட்டிக்காக மணிலாவில் கூடிய கால்பந்து நிர்வாகிகள், போட்டி நடந்துகொண்டிருக்கும்போதே மே 8 அன்று ஆசியக் கால்பந்துக் கூட்டமைப்பைத் தொடங்கினார்கள். இரண்டு ஆண்டு கழித்து அந்தக் கூட்டமைப்பு ஹாங்காங்கில் முதல் ஆசியக் கோப்பையை நடத்தியது. இன்று உலகக் கோப்பைக்கு ஆசியாவிலிருந்து போகும் அணிகளைத் தேர்ந்தெடுக்கும் அமைப்பு, 1951ல் டில்லியில் போட்ட அடித்தளத்தின் மேல் எழுந்தது.

பிறப்பித்தவர்கள் அதற்கு விலையும் கொடுத்தார்கள். 1962 ஜகார்த்தா போட்டிக்கு இஸ்ரேலையும் தைவானையும் இந்தோனேசியா வரவிடவில்லை. அப்படியானால் இதை ஆசியப் போட்டி என்று அழைக்கக் கூடாது என்று சோந்தி வெளிப்படையாகச் சொன்னார். ஊர் கொதித்தது, இந்தியத் தூதரகம் தாக்கப்பட்டது. அந்தக் கூச்சலுக்கு நடுவில், தலையில் தையலோடு ஜர்னைல் சிங்கும், பி.கே. பானர்ஜியும் ஆளுக்கொரு கோல் அடிக்க, தென் கொரியாவை 2–1 என்று வென்று இந்தியா இரண்டாவது தங்கம் பெற்றது. ரஹீம் அப்போது புற்றுநோயோடு போராடிக்கொண்டிருந்தார். மறு ஆண்டு காலமானார். அதற்குப் பிறகு இந்தியாவுக்கு ஆசியக் கால்பந்துத் தங்கம் கிடைக்கவே இல்லை.

2002 முதல் இது 23 வயதுக்குட்பட்டோருக்கான போட்டி. மூன்று பேர் மட்டும் வயது தாண்டியவர்களாக இருக்கலாம். ஆனாலும் மவுசு குறையவில்லை. தென் கொரிய இளைஞனுக்குத் தங்கம் என்றால் நீண்ட கட்டாய ராணுவ சேவையிலிருந்து விலக்கு. சன் ஹியுங்–மின் 2018ல் அதைப் பெற்றார்.

அதே 2018ல் இந்தியக் கால்பந்து அணி ஆசியப் போட்டிக்கு அனுப்பப்படவில்லை. ஆசிய வரிசையில் முதல் எட்டு இடங்களுக்குள் இல்லை என்பது காரணம். 2023லும் முதலில் அதே பதில்தான். பிறகு விதி தளர்ந்தது, அணி போனது, கடைசி 16 வரை முன்னேறியது. 1951ல் இப்படி ஒரு அளவுகோல் இருந்திருந்தால் லக்ஸம்பர்க்கிடம் ஆறு கோல் வாங்கிய ஆப்கானிஸ்தான் வந்திருக்காது. ஒதுக்கிவைக்கப்பட்ட ஜப்பான் மறுபடி தொடங்கியிருக்க இடம் இருந்திருக்காது. வெல்லக்கூடியவர்களை மட்டும் வரவழைக்க இந்தப் போட்டி பிறக்கவில்லை. ஆடினால்தான் வளர முடியும் என்று நம்பியவர்கள் பெற்றெடுத்த பிள்ளை இது. அதைப் பெற்ற ஊர் டில்லி என்பதை நம் அணியை அனுப்புவதா வேண்டாமா என்று முடிவெடுப்பவர்கள் முதலில் நினைத்துப் பார்க்க வேண்டும்.