தோட்டத்தில் புதைத்த கடன்

அமெரிக்காவில், நியூஜெர்சி பக்கம் ஒரு பழைய வீடு விலைக்கு வருகிறது. வாங்க நினைப்பவர் முதல் வேலையாக ஓர் ஆளை அனுப்புகிறார். வீட்டுக்குள் அல்ல, தோட்டத்துக்கு! வந்தவர் மெட்டல் டிடெக்டரை வைத்துக்கொண்டு புல்தரையை அங்குலம் அங்குலமாகத் தடவுகிறார். புதையலா என்று கேட்காதீர்கள். அவர் தேடும் சமாசாரம் கிடைத்துவிட்டால் வியாபாரமே படுத்துவிடும்.

தேடுவது, ஒரு பழைய எண்ணெய்த் தொட்டி.

அந்த ஊர்க் குளிரில் வீட்டைச் சூடாக்காவிட்டால், தண்ணீர் உறைந்து குழாயே வெடிக்கும். ஒரு காலத்தில் எல்லாம் நிலக்கரிதான். விடிந்தும் விடியாமலும் எழுந்து நிலவறையில் இறங்கிக் கரியை அள்ளிப் போட வேண்டும். சாம்பலை வாரிக் கொட்ட வேண்டும். 1920-களில் எண்ணெய் அடுப்புகள் தலைகாட்டின. இரண்டாம் உலகப் போர் முடிந்ததும் வீட்டுக்கு வீடு பரவின. லாரி வரும், வெளியே நீட்டிக்கொண்டிருக்கும் குழாயில் ஊற்றும், போய்விடும். கையில் கரி ஒட்டாது!

நிலவறையில் வைக்கிற தொட்டி வழக்கமாக 275 காலன். சுமார் 1,040 லிட்டர். இடத்தை அடைக்கிறதே என்று பலர் பெரிய தொட்டியாகவே வாங்கித் தோட்டத்தில் புதைத்தார்கள். மேலே புல் முளைத்தது. தொட்டி மறந்துபோனது.

இரும்பு மறக்குமா? பாதி காலியான தொட்டிக்குள் காற்றிலுள்ள ஈரம் வியர்த்துத் தண்ணீராகும். எண்ணெயைவிடத் தண்ணீர் கனம் என்பதால் அடியில் போய்த் தங்கும். அதில் கிருமிகள் வளரும், கசடு சேரும், தகடு அரிக்கும். வெளியிலிருந்து ஈரமண் அரிப்பது தனிக்கணக்கு. 20 வருஷத்தில் ஓட்டையான தொட்டியும் உண்டு. 50 வருஷம் தாங்கியதும் உண்டு.

நிலவறைத் தொட்டி என்றால் கண்ணில் படும். கோடையில் நிரப்பி வைத்தால் உள்ளே வியர்ப்பது குறையும். அடியில் தண்ணீர் நிற்கிறதா என்று பார்க்கலாம். கசிந்தால் வாசனையே காட்டிக்கொடுக்கும். மண்ணுக்குள் கிடப்பதை யார் பார்ப்பது?

1973 அக்டோபரில் அரபு நாடுகள் எண்ணெயை நிறுத்தின. சில மாதங்களில் கச்சா எண்ணெய் விலை ஏறக்குறைய நாலு மடங்கு! அதற்கப்புறம் பலர் எரிவாயுவுக்கு மாறினார்கள். சரி, பழைய தொட்டி? 'கிடக்கட்டும்' என்று விட்டுவிட்டார்கள். பலவற்றில் மிச்ச எண்ணெய் அப்படியே இருந்தது. இன்னொரு கூத்தும் நடந்தது. சில வீடுகளில் நிலவறைத் தொட்டியைக் கழற்றியவர்கள் வெளிக்குழாயைக் கழற்றவில்லை. விலாசம் மாறி வந்த லாரிக்காரர் அந்தக் குழாயில் ஊற்ற, நிலவறை முழுக்க எண்ணெய்!

1984-ல் அமெரிக்க நாடாளுமன்றம் நிலத்தடித் தொட்டிகளுக்குச் சட்டம் போட்டது. பெட்ரோல் பங்க்குகள் மாட்டிக்கொண்டன. வீட்டுச் சூட்டுக்கான எண்ணெய்த் தொட்டிக்கு மட்டும் விலக்கு. அதை மாநிலங்கள் பார்த்துக்கொள்ளட்டும் என்று விட்டுவிட்டார்கள். இன்ஷூரன்ஸ் கம்பெனிகளும் உஷார். பெரும்பாலான வீட்டுப் பாலிசிகளில், மண் மாசுபட்டால் பணம் கிடையாது. நிலத்தடி நீர்வரை எண்ணெய் இறங்கிவிட்டால், சுத்தம் செய்யும் செலவு சில சமயம் லட்சம் டாலரைத் தாண்டும்.

கணக்குப் புத்தகத்தில் 'தேய்மானம்' என்று ஒரு வரி உண்டு. வருஷா வருஷம் கொஞ்சம் கழித்துவந்தால், பொருள் போகிற நாளில் அதிர்ச்சி இருக்காது. இந்தத் தொட்டிக்கு யாரும் அந்த வரியை எழுதவில்லை. சுகப்பட்டவர் ஒருவர், விற்றுவிட்டுப் போனவர் இன்னொருவர். மொத்த பில்லும் வந்து நிற்பது கடைசியாகச் சாவி வாங்கியவர் வாசலில்.

இன்றைக்கும் அமெரிக்காவில் ஏறத்தாழ 50 லட்சம் வீடுகள் எண்ணெயில்தான் குளிர் காய்கின்றன. பெரும்பாலானவை வடகிழக்கில். உங்கள் பிள்ளையோ மருமகனோ அந்தப் பக்கம் பழைய வீடு பார்க்கிறார் என்றால், போனில் ஒரு வார்த்தை கேட்டுவையுங்கள்: "தோட்டத்துக்கு அடியில பார்த்தாச்சா?"