கோவிந்துவின் பெயர் தாங்கிய ஒரு நிலத்து ஆர்க்கிட்

எங்கள் குடியிருப்பில் பத்தாம் வகுப்பு படிக்கும் பையன் ஒருவன், என் மேசை மேல் கிடந்த பழைய தாவரப் படப் பிரதியைப் புரட்டிக்கொண்டே, "மாமா, இந்த வைட் பேர்லதான் நம்ம வைட்ஃபீல்டா?" என்று கேட்டான். நியாயமான கேள்விதான். தமிழில் எழுதினால் இரண்டும் ஒன்றாகத்தான் நிற்கும். ஆங்கிலத்தில் எழுத்தும் வேறு, ஆளும் வேறு.

நம் ஊருக்குப் பெயர் தந்தவர் டி. எஸ். ஒயிட். யுரேசியர், ஆங்கிலோ இந்தியர் சங்கத்தை முன்நின்று நடத்தியவர். மைசூர் மகாராஜா சாமராஜேந்திர உடையார் அளித்த நிலத்தில் 1882இல் இந்தக் குடியேற்றம் எழுந்தது. வட்டத் திடல், அதைச் சுற்றி வீடுகள், பின்னால் தோட்டம், பண்ணை. பிழைப்புக்காக வெளியிலிருந்து வந்து குடியேறியவர்கள் என்ற வகையில், அவர்கள் நமக்கு ஒருவிதத்தில் மூத்த பங்காளிகள்!

படத்திலிருந்த வைட் வேறொருவர். ஸ்காட்லாந்தில் 1796இல் பிறந்த ராபர்ட் வைட், 1819இல் கிழக்கிந்தியக் கம்பெனியின் மருத்துவராகச் சென்னை வந்தார். மருந்தைக் காட்டிலும் செடி கொடிகளில்தான் அவருக்கு மனம். பின்னாளில் கோயம்புத்தூரில் அமெரிக்கப் பருத்தியைப் பயிரிடும் முயற்சியைக் கம்பெனிக்காக மேற்பார்த்தார். அதே காலத்தில் நீலகிரியும் சுற்றுப்புற மலைகளும் அலசப்பட்டன. 1838 முதல் 1853 வரை ஆறு தொகுதிகளாக அவர் வெளியிட்ட 'ஐகோன்ஸ் பிளான்டாரம்' என்ற நூலில் 2,101 படங்கள் உண்டு. 1872இல் காலமானார். அப்போது வைட்ஃபீல்ட் என்ற ஊரே கிடையாது.

ஆனால் அந்தப் படங்களை வரைந்தது வைட் இல்லை என்பதுதான் நான் சொல்ல வந்த சங்கதி. முதலில் ரங்கையா, அவருக்குப் பின் கோவிந்து. படங்களின் அடியில் பொடி எழுத்தில், 'வரைந்தவர்' என்ற குறிப்போடு இவர்கள் பெயர் அச்சாகியிருக்கும். தென்னாட்டு ஓவியர்கள் இருவரும். பூவின் உறுப்புகளைப் பிரித்து, உருப்பெருக்கியில் பார்த்து, மகரந்தப் பை எப்படி அமைந்திருக்கிறது என்பது வரை கோடிட்டுக் காட்டியவர்கள். ஆர்க்கிட் பூவைப் பிரித்துப் பார்த்தவர்களுக்குத்தான் அது எவ்வளவு கஷ்டம் என்று தெரியும். கை சற்று நடுங்கினாலும் போச்சு.

வைட் இதை உணர்ந்தவர்தான். தாம் புதிதென்று எண்ணிய ஓர் ஆர்க்கிட் பேரினத்துக்கு 1853இல் 'கோவிந்தூயா' என்று பெயரிட்டார். சம்பளத்துக்கு வரைந்த ஒரு சுதேசி ஓவியரின் பெயர் லத்தீன் பெயராவது அந்தக் காலத்தில் சாதாரணமாக நடக்கிற காரியமல்ல. (ரங்கையாவுக்கும் இந்தப் பெருமை கிடைத்தது. ஜெர்மானிய அறிஞர் நீஸ் வைத்த 'ரங்கியா' என்ற பேரினப் பெயர் தாவர நூல்களில் நெடுங்காலம் வழங்கியது. சித்த வைத்தியர்கள் கோடகசாலை என்று சொல்லும் செடி அந்த இனத்தில் சேர்ந்தது.)

கோவிந்தூயா மரத்தில் தொற்றி வளரும் ஆர்க்கிட் அல்ல, மண்ணில் வேர் விடுவது. மழைக்காட்டின் அடித்தளத்தில், வெயில் எட்டாத நிழலில், மக்கிய சருகுக்கு நடுவே கம்பி போல ஒரு தண்டு. அதன் உச்சியில் மடிப்பு மடிப்பான இரண்டு இலைகள், ஏறக்குறைய எதிரெதிராக. நடுவிலிருந்து சிறு வெள்ளைப் பூக்களின் கொத்து. பூ இல்லாத நாளில் யாரும் அதை ஆர்க்கிட் என்று சொல்லமாட்டார்கள், ஏதோ மூங்கில் கன்று என்று தாண்டிப் போய்விடுவார்கள்.

"ஒண்ணு கொண்டுவந்து பால்கனியில வெச்சா வருமா மாமா?" என்றான் பையன். வராது. ஆர்க்கிட் விதை தூசியளவுதான். முளைக்குத் தேவையான உணவு அதற்குள் கிடையாது. மண்ணில் உள்ள ஒருவகைப் பூஞ்சை ஊட்டினால்தான் அது முளைக்கும். அந்தப் பூஞ்சைக்கு ஈரமும் சருகும் வேண்டும், சருகுக்கு மேலே மரம் வேண்டும். காபிக்கும் தேயிலைக்கும் காட்டின் கூரையைத் திறந்தபோது வெயில் தரையைத் தொட்டது. தரை காய்ந்தது. இப்படிப்பட்ட செடிகளை யாரும் பிடுங்க வேண்டியதே இல்லை, நிழல் போனால் அவையும் போய்விடும். ஆர்க்கிட் குடும்பம் முழுவதும் சைட்டிஸ் என்ற பன்னாட்டு வணிகக் கட்டுப்பாட்டில் இருக்கிறது. ஆனால் அந்த ஒப்பந்தம் தடுப்பது விற்பனையை, வெயிலை அல்ல.

பெயருக்கு என்ன ஆயிற்று? தாவரவியலில் முந்திய பெயருக்கே உரிமை. இதே செடிக்கு லிண்ட்லி என்ற ஆங்கிலேயர் 1833இலேயே வேறு பெயர் வைத்திருந்தார். 1859இல் புளூம் அதை 'டிராபிடியா' பேரினத்தில் சேர்த்து 'டிராபிடியா அங்குலோசா' ஆக்கினார். டிராபிடியா என்பது கப்பலின் அடிக்கட்டையைக் குறிக்கும் கிரேக்கச் சொல்லிலிருந்து வந்தது. விதிப்படி நடந்ததுதான், யாரையும் குறை சொல்ல முடியாது. இருந்தாலும் எனக்கு மனசு கேட்கவில்லை. வைட்டின் பெயரைச் சுமக்கும் செடிகள் ஏராளம், குக்குலு மரம் உட்பட. கோவிந்துவுக்குக் கிடைத்ததோ ஒன்று, அதுவும் நிற்கவில்லை.

எடின்பரோ தாவரவியல் தோட்டத்தைச் சேர்ந்த ஹென்றி நோல்டி, 2007இல் வைட்டைப் பற்றி விரிவான ஆய்வு வெளியிட்டார். அதன் தலைப்பிலேயே ரங்கையாவையும் கோவிந்துவையும் சேர்த்துக்கொண்டார். மற்ற தாவர நூல்களில் டிராபிடியா அங்குலோசாவைத் தேடினால், கீழே இணைப்பெயர்ப் பட்டியலில் சாய்வெழுத்தில் கோவிந்தூயா இருக்கும். பையனிடம் அந்த வரியைக் காட்டினேன். அவன் படத்தின் அடியில் இருந்த பொடி எழுத்தைத்தான் ரொம்ப நேரம் பார்த்துக்கொண்டிருந்தான்.