தறவாடு

தறவாடு என்பது கேரளத்தில் நாயர் முதலிய சமூகத்தார் தாய்வழியில் பேணிய கூட்டுக் குடும்பத்தையும் அது வாழ்ந்த பூர்வீக வீட்டையும் ஒருங்கே குறிக்கும். ஒரு மூதாட்டியின் வழிவந்த பெண்களும், அவர்களுடைய உடன்பிறந்த ஆண்களும், அப்பெண்களின் பிள்ளைகளும் ஒரே அடுக்களையில் உண்டு வாழ்ந்தனர். ஆண்களின் பிள்ளைகளோ தத்தம் தாயின் தறவாட்டில் வளர்ந்தனர். மருமக்கத்தாயம் எனப்பட்ட இம்முறையில் சொத்தும் பெண்வழியே இறங்கியது. மூத்த ஆணாகிய காரணவர் நிலத்தையும் வரவுசெலவையும் நிர்வகித்தார். சம்பந்தம் எனும் மணவுறவில் கணவன் பெரும்பாலும் இரவில் வந்து செல்பவனாக இருந்தமையால், குழந்தைக்குச் சோறும் கல்வியும் கண்டிப்பும் தாய்மாமனிடமிருந்தே கிடைத்தன. உடன்பிறந்தார் பிணைப்பைத் தாம்பத்தியத்தினும் உயர்வாக வைத்த இவ்வமைப்பின் தலையாய சிறப்பு, அது பெண்ணுக்கு அளித்த பாதுகாப்பே எனலாம்: மணம் முறிந்தாலும் கணவன் இறந்தாலும் பிறந்த வீடு அவளுடையதாகவே இருந்தது. எனினும், பிரிக்கவியலாச் சொத்தின்மீது காரணவருக்கிருந்த அதிகாரம் இளையோரிடையே ஆழ்ந்த மனக்கசப்பை வளர்த்து, நீதிமன்ற வழக்குகளுக்கும் காரணமாயிற்று. திருவிதாங்கூரில் 1925ஆம் ஆண்டின் நாயர் சட்டமும், மலபாரில் 1933இல் நடைமுறைக்கு வந்த மருமக்கத்தாயச் சட்டமும் பாகப்பிரிவினைக்கு வழிவிட்டன. 1975இல் இயற்றப்பட்ட கேரளக் கூட்டு இந்துக் குடும்ப முறை ஒழிப்புச் சட்டம் 1976 டிசம்பர் 1 முதல் நடைமுறைக்கு வந்து தறவாட்டுச் சொத்துரிமையை முடிவுக்குக் கொண்டுவந்தது.