மகாராஜாக்கள் எழுந்து சென்ற கூட்டம்

விழா என்றால் அலங்காரம் உண்டு, மேடை உண்டு, முன்வரிசையும் உண்டு. யூபிலி கொண்டாடும் இவ்வேளையில், முன்வரிசையைப் பார்த்து ஒருவர் உண்மை பேசியதால் பாதியில் கலைந்த ஒரு விழாவை நாம் நினைவுகூர்வது பொருத்தமே.

1916-ஆம் ஆண்டு பிப்ரவரி 4-ஆம் நாள் காசி இந்துப் பல்கலைக்கழகத்திற்கு வைஸ்ராய் ஹார்டிஞ் பிரபு அடிக்கல் நாட்டினார். அதையொட்டி 6-ஆம் நாள் நடந்த கூட்டத்திற்குத் தர்பங்கா மகாராஜா தலைமை தாங்கினார். பொன்னும் மணியும் பூண்ட சமஸ்தான மன்னர்கள் அமர்ந்திருந்தனர். அடையாற்றிலிருந்து சென்ற அன்னிபெசன்ட் அம்மையாரும் இருந்தார். எதிரே மாணவர் திரள்.

பண்டித மாளவியாவின் அழைப்பை ஏற்றுக் காந்தியடிகள் பேச எழுந்தார். தென்னாப்பிரிக்காவிலிருந்து அவர் தாயகம் திரும்பி ஓராண்டே ஆகியிருந்தது. அந்தச் சபைக்கு அவர் புதியவர். வாழ்த்துரையை எதிர்பார்த்தவர்கள் வேறொன்றைக் கேட்டனர். சொந்த நாட்டில் அந்நிய மொழியில் பேச நேர்ந்தது வெட்கம் என்றார். விசுவநாதர் கோயில் தெருக்களின் அசுத்தத்தைச் சுட்டினார். மன்னர்கள் நகைகளைக் களைந்து, ஏழை மக்களுக்காக அவற்றைப் பொறுப்பாகக் காக்காதவரை நாட்டிற்கு விடிவில்லை என்றார். வைஸ்ராயைச் சுற்றியிருந்த போலீஸ் காவலையும், வெடிகுண்டு இளைஞர்களையும் பற்றிப் பேச்சு திரும்பியதும், நிறுத்துமாறு அம்மையார் குறுக்கிட்டார். மாணவர்களோ தொடருமாறு குரல் எழுப்பினர். மன்னர்கள் எழுந்து சென்றனர், தலைவரும் வெளியேறினார். பேச்சு முடியாமலே கூட்டம் முடிந்தது.

எட்டு நாள் கழித்து, பிப்ரவரி 14 அன்று, அவரே நம் சென்னையில் கிறிஸ்தவ மறைபோதகர் மாநாட்டில் சுதேசியம் பற்றி உரையாற்றினார். காசிப் பேச்சைச் செய்தித்தாளில் படித்த வினோபா என்னும் இளைஞர், அதே ஆண்டு ஜூனில் அவரைத் தேடிச் சென்று ஆசிரமத்தில் சேர்ந்தார்.

பிறரை நகை களையச் சொல்வது எளிது. ஆனால் 1921 செப்டம்பர் 22-ஆம் நாள், மதுரையில், ஏழை விவசாயிகளை எண்ணி அவர் தம் மேலாடையைத் தாமே துறந்தார். பின்னர் இறுதிவரை அரையாடையே அவர் உடை. காசியில் சொன்ன சொல்லுக்கு மதுரையில் விலை கொடுத்தார் எனலாம்.

ஐயப்பன்தாங்கலில் நாம் எடுக்கும் விழாவிலும் விளக்குகள் ஒளிரட்டும். பந்தலுக்கு வெளியே நிற்பவர் உள்ளே வந்து பேச ஓர் இடமும், கடைசிவரை கேட்கும் பொறுமையும் நம்மிடம் இருக்கட்டும்.